இல்லாத விரலுக்கு வாங்கிய விசை

பெல்மதுளைச் சந்திக்கு முன்னால் பஸ்ஸை நிறுத்தி எல்லாரையும் இறங்கச் சொன்னார்கள். மழை விட்டிருந்த நேரம். ரோட்டோரத்தில் ஒரு தகரக் கொட்டகை, உள்ளே ஒரு மேசை. பையைத் திறந்து காட்டிவிட்டு மறுபடி ஏற வேண்டும்.

என் பையில் ஒரு போத்தல் தேங்காய் எண்ணெய், ஓப்பநாயக்கவில் வாங்கிய கருவாடு, பழுப்பு டேப் சுற்றிய ஒரு சின்னப் பொட்டலம். பொட்டலத்தை நானே இன்னும் பிரிக்கவில்லை. என் அக்கா ஸ்டெல்லா துபாயில் இருந்து அனுப்பியது. அவளோடு அங்கே வீட்டு வேலை செய்த ஓப்பநாயக்கக்காரி ஒருத்தி லீவில் வந்திருந்தாள். அவள் வீட்டுக்குப் போய் வாங்கிக்கொண்டு திரும்பிக்கொண்டிருந்தேன்.

மேசைக்குப் பின்னால் நின்ற ராணுவக்காரனுக்கு இருபது வயதுக்கு மேல் இருக்காது. டேப்பை நகத்தால் கிழித்தான். உள்ளே இருந்து கறுப்புப் பட்டி ஒன்று விழுந்தது. மணிக்கட்டில் கட்டுகிற பட்டி. அதிலிருந்து விரல் நீளத்துக்கு ஓர் இரும்புத் தண்டு, தண்டின் முனையில் நண்டுக் கொடுக்கு மாதிரி ஒரு வாய், அடியில் துப்பாக்கியில் இருப்பது போல வளைந்த சின்ன விசை. அவன் தன் ஆட்காட்டி விரலை விசையில் வைத்து இழுத்தான். வாய் டக்கென்று திறந்தது. அவன் முகம் மாறிவிட்டது.

"இது எதற்கு?" என்று சிங்களத்தில் கேட்டான்.

"கைக்குப் போடுறது," என்று சிங்களத்திலேயே சொன்னேன்.

அடையாள அட்டையை வாங்கிப் பார்த்தான். தமிழ்ப் பெயர், தோட்டத்து விலாசம். போர் நிறுத்தம் பேப்பரில் மட்டும் மிச்சமிருந்த காலம் அது. அவன் இன்னொருவனைக் கூப்பிட்டான். திரும்ப ஏறிவிட்டவர்கள் பஸ் ஜன்னல் வழியாக என்னையே பார்த்தார்கள். வில், அம்பு என்று நான் விளக்க ஆரம்பித்திருந்தால் அன்றைக்கு வீடு வந்து சேர்ந்திருக்க மாட்டேன். வேறு வழி தெரியாமல், முந்தானைக்குள் இருந்த வலது கையை வெளியே எடுத்து மேசைமேல் வைத்தேன்.

அந்தக் கையில் ஆட்காட்டி விரலும் நடு விரலும் கிடையாது. இரண்டும் அடியோடு போனவை.

இரண்டு பேரும் பார்த்தார்கள். முதலாமவன், "ஆஸ்பத்திரியில் கொடுத்ததா?" என்று குரலைத் தாழ்த்திக் கேட்டான். நான் தலையாட்டினேன். பட்டியை மடித்து உள்ளே வைத்து, கிழிந்த டேப்பை ஒட்டியும் கொடுத்தான்.

சீட்டில் உட்கார்ந்து, பஸ் கிளம்பிய பிறகுதான் எனக்கு உறைத்தது. அந்த விசையை இழுக்க ஆட்காட்டி விரல் வேண்டும். அது என்னிடம் இல்லை. இல்லை என்பது அக்காவுக்குத் தெரியாது.

வாசகர் கேட்டது

சென்ற வாரம் எங்கள் லயத்து வீடுகளுக்குப் பொதுவான தண்ணீர்ப் பீலியில் நடந்த சண்டையைப் பற்றி எழுதியிருந்தேன். அதைப் படித்த வாசகர் ஒருவர், "ஊரில் உள்ளவர்களை எல்லாம் இழுத்து எழுதுகிறீர்கள், உங்கள் கையைப் பற்றி மட்டும் ஏன் எழுதுவதில்லை?" என்று கேட்டிருக்கிறார். தொடரின் மேலே போட்டிருக்கும் படத்தை உற்றுப் பார்த்திருக்கிறார் போலிருக்கிறது.

நியாயமான கேள்விதான். எழுதாததற்குக் காரணம் வெட்கம் இல்லை. அந்தக் கையைப் பற்றி எழுதினால் அக்காவைப் பற்றியும் எழுத வேண்டும். போன மாதம் அவளிடமே கேட்டேன். "எழுதிக்க. ஆனா எனக்கு நல்ல பேரு வாங்கித் தர்றேன்னு எதையும் மாத்திறாத," என்றாள். அதனால் மாற்றாமல் எழுதுகிறேன்.

ரோலர்

நிவித்திகலைப் பக்கம் எங்கள் தோட்டத்தில் தேயிலையும் உண்டு, ரப்பரும் உண்டு. வெட்டிச் சேர்த்த ரப்பர் பாலைத் தட்டில் ஊற்றி, அமிலம் விட்டு உறைய வைப்பார்கள். தயிர் மாதிரி உறைந்த அந்தக் கட்டியை இரண்டு இரும்பு உருளைகளுக்கு நடுவே கொடுத்தால் நசுங்கி, தண்ணீர் வடிந்து, தகடாக மறுபக்கம் வரும். அந்த மெஷினுக்கு எங்கள் ஊரில் ரோலர் என்று பேர். பெக்டரிக்குள் போனால் புளித்த வாடை அடிக்கும். வீட்டுக்கு வந்து எத்தனை முறை சோப்புப் போட்டாலும் சோற்றில் அந்த வாடை இருக்கும்.

அக்கா அந்த ரோலரில் ஆறு வருசம் நின்றவள். துபாய்க்குப் போகிற ஏற்பாடு சரியானதும், தன் இடத்தை எனக்குக் கேட்டு வாங்கிக் கொடுத்தாள். எனக்கு அப்போது மலையில் கொழுந்து பறிக்கிற வேலை. அட்டைக்கடியும் வழுக்கலும் இல்லாத இடத்தில் தங்கச்சி நிற்கட்டும் என்று நினைத்தாள். போகிறதற்கு முன் இரண்டு நாள் பக்கத்தில் நிறுத்தி வேலை காட்டினாள்.

சுவரில் ஒரு பலகை தொங்கும். சோறு போடும் கரண்டி மாதிரி அகலமான பலகை. ரப்பரை அதனால்தான் ரோலருக்குள் தள்ள வேண்டும் என்று அறிவிப்பு எழுதியிருந்தது. யாரும் அதைத் தொட மாட்டார்கள். பலகையால் தள்ளினால் நுனி சுருண்டு, தகடு ஒரு பக்கம் தடித்துப் போகும். தடித்த தகடு இரண்டாம் தரம். இரண்டாம் தரம் கூடினால் பெக்டரி ஐயா வந்து நிற்பார். அவரும் பலகையை எடு என்று சொல்ல மாட்டார், தகடு ஏன் இப்படி என்றுதான் கேட்பார்.

"இங்க பாரு அமலு," என்று அக்கா காட்டினாள். "இந்த ரெண்டு விரலால நுனிய மடிச்சிப் பிடி. வாயில குடு. ரோலரு இழுத்துக்கிச்சின்னு தெரிஞ்சதும் சட்டுனு விட்டுறு. பயந்து பயந்து குடுத்தாத்தான் சிக்கும்."

இரண்டு விரல் என்றால் ஆட்காட்டி விரலும் நடு விரலும். நான் அப்படியே செய்தேன். நன்றாகவே செய்தேன். என் தகடுகளைப் பார்த்து, அக்கா தகடு மாதிரியே இருக்கிறது என்று ஐயா சொன்ன நாளில் எனக்குப் பெருமை தாங்கவில்லை.

எட்டாவது மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை, மடித்த நுனி பிடியிலிருந்து விடுபடவில்லை. விரல்களும் கூடவே போயின. வலி உடனே தெரியவில்லை. மெஷினை நிறுத்தச் சொல்லி யாரோ கத்தினார்கள். அது நானில்லை. தகட்டில் சிவப்பு பட்டுவிட்டதே, ஐயா திட்டுவாரே என்று நினைத்தது மட்டும் நன்றாக ஞாபகமிருக்கிறது.

அம்மா வாங்கிய சத்தியம்

இரத்தினபுரி ஆஸ்பத்திரியில் கட்டோடு கிடந்தபோது அம்மா என் தலைமாட்டில் உட்கார்ந்து அழுதாள். அழுது முடித்ததும் கேட்ட முதல் விசயம் இதுதான்.

"ஸ்டெல்லாவுக்குச் சொல்லிறாதடி. அவ நின்ன எடம், அவ காட்டிக் குடுத்த வேல. தெரிஞ்சா அவ அங்க இருக்க மாட்டா. இருந்தாலும் மனுசியா இருக்க மாட்டா. ஒப்பந்தம் முடிஞ்சி வரட்டும், பொறகு பாத்துக்கலாம்."

கழுத்தில் கிடந்த மாதா படத்தை எடுத்து என் இடது கையில் வைத்துச் சத்தியம் வாங்கினாள். நானும் செய்து கொடுத்தேன்.

ஒரு பொய்யைச் சொல்வது ஒரு நாள் வேலை. அதைக் காப்பாற்றுவது தினமும் செய்ய வேண்டிய வேலை. கட்டை விரலுக்கும் மோதிர விரலுக்கும் நடுவில் பேனாவைப் பிடித்து எழுதப் பழகினேன். எழுத்து கோணலாகப் போனதற்கு, பேனா சரியில்லை என்று கடிதத்தின் கடைசியில் எழுதினேன். அக்கா போட்டோ கேட்டால் முந்தானையைக் கையில் சுற்றிக்கொண்டு நின்றேன். பெக்டரியில் என்னை ரோலரில் இருந்து எடுத்துத் தகடு தரம் பிரிக்கிற மேசைக்கு மாற்றியிருந்தார்கள். அக்கா டெலிபோனில், "ரோலரு எப்பிடிப் போகுது?" என்று கேட்டால், "நல்லாப் போகுதுக்கா," என்பேன்.

இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். அவள்மேல் எனக்குக் கோபம் இருந்தது. பலகையை எடு என்று அவள் சொல்லியிருந்தால், அந்த இரண்டு நாளில் ஒரு தடவை சொல்லியிருந்தால் என்று நினைப்பேன். அவள் அங்கே யார் வீட்டுத் தரையையோ துடைத்து எங்களுக்கு அனுப்பிக்கொண்டிருந்தாள், நான் இங்கே இப்படி நினைத்துக்கொண்டிருந்தேன். அதற்காக என்னையே எனக்குப் பிடிக்காது. ஆனாலும் நினைப்பேன்.

நிமல் அய்யா

கையில்லாதவர்கள், காலில்லாதவர்களுக்கு அடையாள அட்டை கொடுக்கிறார்கள் என்று பிரதேச செயலகத்துக்குப் போயிருந்தபோதுதான் நிமலைச் சந்தித்தேன். என் வயதுதான், ஒன்றிரண்டு கூட இருக்கலாம். வடக்கில் கண்ணிவெடியில் இடது காலை முழங்காலுக்குக் கீழே இழந்த பழைய ராணுவக்காரர். வரிசையில் எனக்கு முன்னால் நின்றவர், "சனிக்கிழமைகளில் மைதானத்தில் அம்பு விடுகிறோம், வருகிறீர்களா?" என்று சினிமாவுக்குக் கூப்பிடுவது போலக் கேட்டார்.

அம்மா முதலில் ஒத்துக்கொள்ளவில்லை. "ஆமிக்காரன்கூட உனக்கு என்னா வெளையாட்டு?" என்றாள். எனக்கும் பயமாகத்தான் இருந்தது. போய்ப் பார்த்தால் ஐந்து பேர், இரண்டு வில். அவ்வளவுதான் கூட்டம். நான் அவரை நிமல் அய்யா என்பேன். சிங்களத்தில் அய்யா என்றால் அண்ணன். அவர் என்னை நங்கி, அதாவது தங்கச்சி என்பார். நாங்கள் பேசியதெல்லாம் சிங்களத்தில், இங்கே தமிழில் எழுதுகிறேன். அவர் கால் போன இடத்தைப் பற்றி நான் கேட்டதில்லை. அவரும் அந்தப் பேச்சை எடுத்ததில்லை.

இரண்டு வில்லில் ஒன்று இரு முனையிலும் கப்பி வைத்தது. வெளிநாட்டார் யாரோ கொடுத்துவிட்டுப் போன பழைய வில். இழுக்க ஆரம்பிக்கும்போது பாரமாக இருக்கும், முழுக்க இழுத்தபின் பாரம் குறைந்துவிடும். அதனால் அதை எனக்கு ஒதுக்கினார்கள். ஆனால் நாணைப் பிடிப்பது எப்படி? எல்லாரும் பிடிக்கிற விரல்கள்தான் என்னிடம் இல்லையே. மோதிர விரலில் டியூப் ரப்பரைச் சுற்றி இழுத்தேன். நான்கு சனிக்கிழமைகளில் விரல் வீங்கி, பேனாவும் பிடிக்க முடியாமல் போனது.

ஆனாலும் விடவில்லை. காரணத்தைச் சொல்கிறேன். நாணை இழுத்தால் வலது கை தாடைக்குப் பக்கத்தில் வந்து நிற்க வேண்டும், இல்லாவிட்டால் குறி தப்பும். ஒன்றரை வருசமாக முந்தானைக்குள் இருந்த கை, எல்லாரும் பார்க்க, என் முகத்துக்குப் பக்கத்தில் நிற்கிறது. எனக்கு அந்த நேரம் வேண்டியிருந்தது. வெசாக் பண்டிகை கழிந்து இரத்தினபுரியில் தெரிவுப் போட்டி என்றார்கள். அதில் நிற்க வேண்டும் என்று முடிவு செய்துவிட்டேன்.

எந்த ரிலீஸ்?

"உனக்கு வேண்டியது ஒரு ரிலீஸ்," என்றார் நிமல் அய்யா. நாணை விரலால் பிடிக்காமல் இரும்பு வாயால் பிடித்து, விசையைத் தொட்டால் விட்டுவிடுகிற கருவிக்கு அந்தப் பேர். அவரிடம் பக்கங்கள் கிழிந்த ஒரு பழைய விலைப் புத்தகம் இருந்தது. மைதானத்துச் சீமெந்துப் படியில் உட்கார்ந்து புரட்டினோம்.

அதில் மூன்று வகை இருந்தது. முதலாவது மணிக்கட்டுப் பட்டி, ஆட்காட்டி விரல் விசை. எல்லாவற்றிலும் மலிவு. புதிதாகப் பழகுகிறவர்கள் எல்லாரும் அதைத்தான் வாங்குகிறார்களாம். இரண்டாவது கட்டை விரலால் அமுக்குவது. அதிலும் உள்ளங்கையில் பிடிக்கிற மாதிரி உண்டு, பட்டியோடு சேர்ந்ததும் உண்டு. விலை கூட. மூன்றாவதில் விசையே கிடையாது. இழுத்துக்கொண்டே கையை மெல்லத் திருப்பினால் தானாக விடும். அதற்கு விலையும் பயங்கரம், பழக்கமில்லாதவர்கள் கையில் குணமும் பயங்கரம் என்றார்.

"பட்டியோடு வருகிற கட்டை விரல் விசை. உனக்கு அது ஒன்றுதான்," என்று விரலால் தட்டிக் காட்டினார். "மலிவு என்பதற்காக எதை விட்டாலும் மூன்று விசயத்தை விடாதே. பட்டியை ஒட்டுகிற மாதிரி வாங்காதே, இரத்தினபுரி மழையில் ஒரு வருசத்தில் ஒட்டு போய்விடும், பெல்ட் மாதிரி கொக்கி வைத்தது எடு. தண்டின் நீளத்தைக் கூட்டிக் குறைக்க முடிய வேண்டும். விசையை இறுக்க ஒரு திருகாணி இருக்க வேண்டும். விசை லேசாக இருந்தால் நீ நினைக்கிறதற்கு முன்னால் விட்டுவிடும், உன் கையே உன் வாயில் குத்தும்."

இதைப் படிக்கிறவர்களில் யாராவது ரிலீஸ் வாங்கப் போனால், இன்றைக்கும் அந்த மூன்றையும் பார்த்து வாங்குங்கள். பளபளப்பு, கலர் எல்லாம் பிறகு.

கொழும்பில் கேட்டுப் பார்த்தோம். இருந்தவை எங்களுக்கு எட்டாதவை. துபாய்க் கடைகளில் மலிவாகக் கிடைக்கும் என்று யாரோ சொன்னார்கள். துபாயில் எனக்கு யார் இருக்கிறார்கள் என்று எல்லாருக்கும் தெரியும்.

கை அளவு

நிவித்திகலை டவுனில் டெலிபோன் வைத்திருந்த கம்யூனிகேஷன் கடைக்கு அக்கா ஞாயிற்றுக்கிழமைகளில் பூசை முடிகிற நேரம் அங்கிருந்து போன் எடுப்பாள், நான் போய்க் காத்திருந்து பேசுவேன்.

"வில்லா? உனக்கு எதுக்குடி வில்லு?" என்று சிரித்தாள். வெகு நாளுக்குப் பிறகு அவள் சிரித்தது அன்றைக்குத்தான்.

"இங்க கிளப் ஒன்னு இருக்குதுக்கா. ரிலீஸுன்னு ஒரு சாமான் வேணும். வெல கொறஞ்சதாப் பாரு. பட்டிக்குக் கொக்கி இருக்கணும்."

கட்டை விரல் விசை என்ற வார்த்தை நாக்கு வரை வந்தது. சொன்னால், ஏன் கட்டை விரல் என்று கேட்பாள். ஆட்காட்டி விரலுக்கு என்ன ஆனது என்று கேட்பாள். நான் சொல்லவில்லை. எது வந்தாலும் கட்டிப் பார்த்துச் சரி பண்ணிக்கொள்ளலாம் என்று நினைத்தேன். தோட்டத்தில் எந்தச் சாமானையும் அப்படித்தானே பாவிக்கிறோம். நிமல் அய்யாவிடம் கட்டை விரல் விசைக்கே சொல்லியிருப்பதாகச் சொல்லிவிட்டேன்.

அடுத்த ஞாயிறு அக்கா, "கடக்காரன் கை அளவு கேக்கறான். வலது கைய பேப்பர்ல வச்சி வரஞ்சி அனுப்பு," என்றாள்.

சாப்பாட்டு மேசையில் கொப்பித் தாள் ஒன்றை விரித்தேன். இடது கையை மல்லாக்க வைத்தேன். மல்லாந்த இடது கையின் ஓரத்தைக் கோடு போட்டால், கவிழ்ந்த வலது கையைக் கோடு போட்ட மாதிரியே இருக்கும். விரலில்லாத கையால் பென்சிலைப் பிடித்து, விரலுள்ள கையை வரைந்தேன். ஐந்து விரலும் முழுசாக வந்தன. கீழே 'வலது கை' என்று எழுதி உறையில் போட்டேன். அம்மா பார்த்துக்கொண்டுதான் இருந்தாள். எனக்குத் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு வந்து வைத்தாள்.

உதட்டில் விழுந்த குத்து

அந்தத் தாளுக்கு வந்த பதில்தான் பெல்மதுளையில் மேசைமேல் விழுந்தது. அக்கா ஒரு குறையும் வைக்கவில்லை. கொக்கிப் பட்டி, நீளம் மாற்றுகிற தண்டு, திருகாணி எல்லாம் இருந்தன. முழுக் கை உள்ள எவருக்கும் அது நல்ல ரிலீஸ்.

சனிக்கிழமை மைதானத்துக்குக் கொண்டுபோனேன். பட்டியைத் திருப்பிக் கட்டினால் விசை மோதிர விரலுக்கு எட்டியது. எட்டியது என்றுதான் சொல்லலாம், விரல் நுனி மட்டும் படும். நாணை இரும்பு வாயில் மாட்டி இழுத்தேன். பாதி இழுப்பில், பாரம் கூடுதலாக இருக்கிற இடத்தில், விரல் வழுக்கி விசையில் பட்டது. இரும்பு வாய் நாணை விட்டுவிட்டது. என் முஷ்டி என் வாயிலேயே குத்தியது. அம்பு புல்லைத் தாண்டி வேலிக்கு அப்பால் எங்கேயோ போய் விழுந்தது. அந்தப் பக்கம் யாரும் நிற்காதது எங்கள் புண்ணியம்.

நிமல் அய்யா கட்டையை ஊன்றிக்கொண்டு வந்து ரிலீஸைக் கையில் வாங்கிப் பார்த்தார். எனக்கு உதடு கிழிந்து ரத்தம் வந்துகொண்டிருந்தது.

"நீ கட்டை விரல் விசை கேட்கவில்லை," என்றார்.

"இல்ல."

"ஏன்?"

சொன்னேன். ரோலர், சத்தியம், தாளில் வரைந்த கை எல்லாவற்றையும் சொன்னேன். வெளி ஆள் ஒருவரிடம் நான் அதைச் சொன்னது அதுதான் முதல் தடவை.

அவர் ரிலீஸின் விசையை இரண்டு தடவை இழுத்துப் பார்த்தார். பிறகு, "ஆஸ்பத்திரியில் இருந்து அம்மாவுக்கு ஆறு மாதம் எழுதினேன், காலில் காயம் என்று மட்டும்," என்றார். "வீட்டு கேட்டில் என்னைப் பார்த்ததும் மயங்கி விழுந்துவிட்டாள். இன்றைக்கும் நான் ஏதாவது சொன்னால், உண்மையா என்று இரண்டு தடவை கேட்கிறாள்." ரிலீஸை என் கையில் கொடுத்தார். "இதோடு உன்னை நான் கோட்டில் நிற்க விடமாட்டேன், நங்கி. மாற்றிக்கொண்டு வா. இல்லாவிட்டால் வராதே."

போட்டிக்கு ஐந்து வாரம் இருந்தது.

முதல் அழைப்பு

அந்த ஞாயிறு அம்மாவிடம் சொல்லாமல் கம்யூனிகேஷனுக்குப் போனேன். அக்கா எடுத்ததுமே, "அளவு சரியா இருந்திச்சா?" என்றுதான் கேட்டாள்.

"அக்கா, என் வலது கையில ரெண்டு வெரல் இல்லக்கா. ரோலர்ல போயிருச்சி. நீ போயி எட்டாவது மாசமே போயிருச்சி."

லைன் அறுந்துவிட்டதோ என்று, "அக்கா" என்றேன்.

"எந்த ரெண்டு?"

"ஆட்காட்டி வெரல். நடு வெரல்."

பிறகு கேட்டாள், "நீ அனுப்பின கை?"

"அது இடது கைக்கா."

"அதத்தான் பைபிளுக்குள்ள வச்சிருக்கேன். தெனமும் அதுமேல கைய வச்சித்தான் உனக்கு ஜெபம் பண்ணுறேன்," என்றாள். குரலில் கோபம் இல்லை. இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். "கட்ட வெரலு இருக்குதா?"

"இருக்குது."

"கட்ட வெரலால அமுக்கறது ஒன்னு அதே கடையில இருந்திச்சி. வெல கூடன்னு விட்டுட்டு வந்தேன். சரி, வையி."

வைத்துவிட்டாள். அடுத்த ஞாயிறு அவள் எடுக்கவில்லை. அதற்கடுத்த ஞாயிறும் எடுக்கவில்லை. விசயத்தை அம்மாவிடம் சொன்னபோது அவள் என்னைத் திட்டவில்லை, மூன்று நாள் என்னோடு பேசவில்லை. மூன்றாவது வாரம் தபாலில் ஒரு பார்சல் வந்தது. கொக்கிப் பட்டி, தண்டு, பக்கவாட்டில் கட்டை விரலுக்கு ஒரு விசை. கடிதம் இருக்கும் என்று உறையைக் கிழித்துத் தேடினேன். ஒரு வரியும் இல்லை.

இரண்டாவது அழைப்பு

இரண்டு சனிக்கிழமைதான் பழகக் கிடைத்தது. இரத்தினபுரியில் அன்றைக்கு வெயில். கோட்டில் நின்று, வில்லைத் தூக்கி, கையைத் தாடைக்குப் பக்கத்தில் கொண்டுவந்தேன். கட்டை விரலை விசையில் வைத்து மெல்ல இறுக்கினேன். அம்பு போனது. முதல் முறையாக ஓர் அம்பு நான் நினைத்த நேரத்தில், நான் விட்டதால் போனது. பெண்களில் மூன்றாவதாக வந்தேன். இரண்டு பேரைத்தான் எடுத்தார்கள். நிமல் அய்யா என் தோளைத் தட்டிவிட்டுத் தன் வரிசைக்குப் போய்விட்டார்.

மறுநாள் ஞாயிறு. எடுப்பாளோ மாட்டாளோ என்று தெரியாமலே கம்யூனிகேஷனுக்குப் போனோம். அம்மாவும் வந்தாள். கண்ணாடிப் பெட்டி மாதிரி அடைத்த அந்தச் சின்ன இடத்துக்குள் இரண்டு பேரும் இடித்துக்கொண்டு நின்றோம். மணி அடித்தது.

"போட்டி எப்பிடி?" என்றாள் அக்கா.

"மூணாவது. ரெண்டு பேரத்தான் எடுத்தாங்க."

"கட்ட வெரல் வெச நல்லா இருக்குதா?"

"நல்லா இருக்குதுக்கா."

"அமலு," என்றாள். "இனிமே என்கிட்ட பொய் சொல்ல மாட்டேன்னா ஒன்னு கேக்கறேன். சொல்லுவேன்னா இப்பவே வச்சிறு."

"சொல்ல மாட்டேன்."

"அன்னைக்கு ரோலருக்கு எதால குடுத்த? பலகையாலயா, கையாலயா?"

அம்மாவுக்கு அக்காவின் குரல் கேட்டிருக்க வேண்டும். என் முழங்கையைப் பிடித்தாள். வேண்டாம் என்று தலையை ஆட்டினாள்.

"கையால," என்றேன்.

"ரெண்டு வெரலாலயா?"

"ஆமா."

"நான் காட்டின மாதிரியா?"

அம்மாவின் பிடி இறுகியது. இல்லை என்று ஒரு சொல் சொன்னால் போதும். எனக்குக் கவனம் தப்பிவிட்டது, மெஷின் பழசு, ஆயிரம் காரணம் கைவசம் இருந்தது. எல்லாமே கொஞ்சம் கொஞ்சம் உண்மையும்கூட. மனசுக்குள் வைத்திருந்த கோபத்தைத் தேடினேன், அந்த நேரம் அதுவும் துணைக்கு வரவில்லை. அவள் காத்துக்கொண்டிருந்தாள்.

"ஆமாக்கா. நீ காட்டின மாதிரித்தான்."

அம்மா என் கையை விட்டுவிட்டாள்.

பிறகுதான் அக்காவின் குரல் வந்தது. "நீ இல்லன்னு சொல்லியிருந்தா, இனிமே நீ சொல்ற எதையும் நம்பியிருக்க மாட்டேன்," என்றாள். "சரி. நான் இப்ப அழுதுக்கறேன். நீ வையி."

நான் வைக்கவில்லை. அவள் அழுது முடிக்கிற வரைக்கும் காதில் வைத்துக்கொண்டு நின்றேன்.